டாம் எல். ஜான்சன்

டாம் லாஃப்டின் ஜான்சன் (ஜூலை 18, 1854 – ஏப்ரல் 10, 1911) ஐக்கிய அமெரிக்காவைச் சேர்ந்த தொழிலதிபரும் அரசியல்வாதியும் ஆவார். ஒகையோ மாநிலத்தின் கிளீவ்லாந்து நகருக்கு 1901 முதல் 1909 வரை தொடர்ந்து நான்கு முறை நகரத் தந்தையாகத் (மேயர்) தேர்ந்தெடுக்கப்பட்டுப் பணியாற்றினார். அதற்கு முன்னர் மக்களாட்சிக் கட்சியின் சார்பில் ஐக்கிய அமெரிக்க நாடாளுமன்றத்தின் கீழவையில் இரு தவணைகள் (1891–1895) உறுப்பினராக இருந்தார். டிராம் நிறுவனங்களின் உரிமையாளராகப் பெருஞ்செல்வம் ஈட்டிய இவர், பின்னாளில் அதே டிராம் நிறுவனங்களின் தனியுரிமைக்கு எதிராகப் போராடியமைக்காக அறியப்படுகிறார். டிராம் கட்டணத்தை ஐந்து சென்டில் இருந்து மூன்று சென்டாகக் குறைப்பதும், போக்குவரத்தை மக்களின் பொறுப்பில் கொண்டுவருவதும் இவரது ஆட்சியின் மையப் பிரச்சினையாக விளங்கின.

இளமைக்காலம்

ஜான்சன் கென்டக்கி மாநிலத்தில் ஜார்ஜ்டவுன் என்னும் ஊருக்கு அருகில் பிறந்தார். அடிமைகளை வைத்துப் பண்ணை நடத்திய வசதியான குடும்பம் அது. அமெரிக்க உள்நாட்டுப் போரில் தந்தை தென்னகக் கூட்டமைப்பின் படையில் பணியாற்றினார். போர் முடிந்தபோது குடும்பம் அனைத்தையும் இழந்து, வர்ஜீனியாவின் ஸ்டான்டன் என்னும் ஊரில் வறுமையில் இருந்தது.

அவ்வூருக்கு நாளொன்றுக்கு ஒரே ஒரு தொடருந்து மட்டுமே வந்தது. பதினோரு வயதுச் சிறுவனான ஜான்சனுடன் நட்புக் கொண்ட அதன் நடத்துநர், வெளியூர்ச் செய்தித்தாள்களை அத்தொடருந்தில் கொண்டுவந்து விற்கும் வாய்ப்பை அவருக்கு மட்டுமே அளித்தார். போட்டிக்கு வேறு எவரும் இல்லாததால் சிறுவன் தான் விரும்பிய விலையை வைக்க முடிந்தது. ஐந்து வாரங்களில் 88 வெள்ளி டாலர்கள் சேர்ந்தன. நடத்துநர் மாற்றப்பட்டதும் வியாபாரமும் முடிந்தது. தனியுரிமை என்றால் என்ன என்பதைத் தமக்கு முதலில் கற்பித்தது இந்நிகழ்வே என்று ஜான்சன் தமது தன்வரலாற்றில் குறிப்பிடுகிறார். அப்போது அவர் கற்றது தனியுரிமையின் தீமையை அன்று, அதன் இலாபத்தையே என்பது கவனிக்கத்தக்கது. அடுத்த முப்பது ஆண்டுகள் அவர் அப்பாடத்தின்படியே தொழில் செய்தார்.

டிராம் தொழில்

1869 இல் கென்டக்கியின் லூயிவில் நகரில், டூபான்ட் குடும்பத்தினர் நடத்திய குதிரை டிராம் நிறுவனத்தில் ஜான்சன் எழுத்தராகச் சேர்ந்தார். முறையான பள்ளிக்கல்வி இவருக்கு மிகக் குறைவாகவே கிடைத்திருந்தது. எனினும் கணக்கிலும் இயந்திர நுட்பத்திலும் திறன் மிக்கவராக இருந்தார். பயணிகள் நாணயத்தை இடும் உண்டியல் ஒன்றை வடிவமைத்து அதற்குக் காப்புரிமை பெற்றார். அவ்வுண்டியலில் இடப்பட்ட நாணயங்கள் உடனே உள்ளே விழுந்து மறையாமல், கண்ணாடி வழியே சிறிது நேரம் கண்ணுக்குத் தெரியும்படி தங்கின. இதனால் ஏமாற்றுவது கடினமாயிற்று. இக்கண்டுபிடிப்பு ஈட்டித் தந்த பணமே அவரது முதல் மூலதனம் ஆகும்.

1876 இல், டூபான்ட் குடும்பத்தவர் ஒருவரிடம் 30,000 டாலர் கடன் பெற்று, இண்டியானாபொலிஸ் நகரின் நலிந்து கிடந்த டிராம் நிறுவனத்தை வாங்கினார். 1879 இல் கிளீவ்லாந்து நகரில் காலூன்ற முயன்றபோது, நிலக்கரி, கப்பல், டிராம் ஆகிய தொழில்களில் ஈடுபட்டிருந்த மார்க் ஹன்னா அவருக்குப் போட்டியாளரானார். இதே ஹன்னாதான் பின்னர் குடியரசுக் கட்சியின் தேசியத் தலைவராகி, 1896 இல் வில்லியம் மெக்கின்லியைக் குடியரசுத் தலைவராக்கியவர். தொழிலில் தொடங்கிய இப்பகை 1904 இல் ஹன்னா இறக்கும்வரை அரசியலிலும் நீடித்தது.

பிற்காலப் போராட்டத்தை விளங்கிக்கொள்ள, அக்காலத்து டிராம் தொழிலின் அமைப்பை அறிந்திருத்தல் வேண்டும். தண்டவாளம் பொதுத் தெருவில் பதிக்கப்பட வேண்டியிருந்தது. ஆகவே நகரமன்றத்தின் உரிமம் இன்றி எவரும் டிராம் ஓட்ட முடியாது. உரிமம் பொதுவாக இருபத்தைந்து ஆண்டுகளுக்கு வழங்கப்பட்டது. ஒரு தெருவில் ஒரு நிறுவனம் உரிமம் பெற்றுவிட்டால், அத்தெருவில் வாழ்வோர் அனைவரும் அதன் கட்டாய வாடிக்கையாளர் ஆயினர். நகரம் வளர வளர இலாபமும் தானாகவே வளர்ந்தது. எனவே நகரமன்ற உறுப்பினர்களின் வாக்கு நிறுவனங்களுக்கு விலைமதிப்பற்றதாக இருந்தது. அமெரிக்க நகரங்களில் அக்காலத்தில் மலிந்திருந்த ஊழலின் ஊற்றுக்கண்களுள் இதுவும் ஒன்று. ஜான்சன் இதனை வெளியிலிருந்து ஆராய்ந்து அறிந்தவர் அல்லர், உள்ளிருந்து நடத்தியவர்.

டிராம் தண்டவாளங்களை உருட்டும் எஃகு ஆலைகளைப் பென்சில்வேனியாவின் ஜான்ஸ்டவுனிலும் ஒகையோவின் லொரெய்னிலும் அவர் கூட்டாளிகளுடன் நிறுவினார். டெட்ராயிட், புரூக்ளின் ஆகிய நகரங்களின் டிராம் நிறுவனங்களிலும் முதலீடு செய்தார். கிளீவ்லாந்தின் செல்வந்தர்கள் வாழ்ந்த யூக்ளிட் அவென்யூவில் இவருக்கு மாளிகை ஒன்று இருந்தது.

ஹென்றி ஜார்ஜின் தாக்கம்

1883 இல் தொடருந்துப் பயணம் ஒன்றின்போது, புத்தகம் விற்ற சிறுவனிடம் இருந்து ஹென்றி ஜார்ஜ் எழுதிய 'சமூகப் பிரச்சினைகள்' என்ற நூலை ஜான்சன் வாங்கினார். தலைப்பைக் கண்டு முதலில் தயங்கிய அவரை, வாங்கிப் படிக்குமாறு தூண்டியவர் அத்தொடருந்தின் நடத்துநர். அடுத்து ஜார்ஜின் முதன்மை நூலான 'முன்னேற்றமும் வறுமையும்' நூலையும் படித்தார். நிலத்தின் மதிப்பு அதன் உடைமையாளரின் உழைப்பால் உயர்வதில்லை, சமூகத்தின் வளர்ச்சியால் உயர்கிறது. எனவே அந்த மதிப்பின் மீது மட்டும் வரி விதித்தால் போதும், மற்ற வரிகள் அனைத்தையும் நீக்கிவிடலாம் என்பது ஜார்ஜின் கருத்து. இது 'ஒற்றை வரி' கோட்பாடு எனப்படுகிறது.

ஜான்சன் அந்நூலைத் தம் வழக்கறிஞரிடம் கொடுத்து அதிலுள்ள பிழைகளைக் கண்டுபிடித்துத் தருமாறு கேட்டார். வழக்கறிஞரால் இயலவில்லை. பின்னர் ஜார்ஜை நேரில் சந்தித்து நெருங்கிய நண்பரானார். 1886, 1897 ஆகிய ஆண்டுகளில் ஜார்ஜ் நியூ யார்க் நகரத் தந்தை தேர்தலில் போட்டியிட்டபோது உடனிருந்து உழைத்தார். இரண்டாம் தேர்தலுக்குச் சில நாட்களுக்கு முன்பு ஜார்ஜ் காலமானார்.

இம்மாற்றத்துக்குப் பின்னரும் ஜான்சன் தம் நிறுவனங்களை உடனே கைவிடவில்லை. சட்டம் தனியுரிமையை அனுமதிக்கும் வரை அதனால் பயன்பெறுவேன், அச்சட்டத்தை மாற்றவும் பாடுபடுவேன் என்பது அவரது நிலைப்பாடாக இருந்தது. எதிரிகள் இதனை இரட்டை வேடம் என்றனர். அக்குற்றச்சாட்டை முற்றிலும் ஒதுக்கிவிட முடியாது. எனினும் நாடாளுமன்றத்தில் அவர் தம் சொந்த நலனுக்கு எதிராகவே வாக்களித்தார். எஃகுத் தண்டவாளங்களைத் தயாரிப்பவராக இருந்தும், இறக்குமதித் தண்டவாளங்கள் மீதான காப்புவரியை நீக்க வேண்டும் என்று வாதாடினார். 1892 இல் ஜார்ஜின் தடையற்ற வணிகம் பற்றிய நூல் முழுவதையும், வேறு சில உறுப்பினர்களோடு சேர்ந்து பகுதி பகுதியாக அவைக் குறிப்பேட்டில் இடம்பெறச் செய்தார். அவைக் குறிப்புகளை உறுப்பினர்கள் அஞ்சல் செலவின்றி அனுப்பலாம் என்பதால், பத்து இலட்சத்துக்கும் மேற்பட்ட படிகள் நாடெங்கும் சென்றன.

1894 தேர்தலில் தோல்வியுற்றார். 1899 இல் மிச்சிகன் ஆளுநர் ஹேசன் பிங்ரீயுடன் இணைந்து டெட்ராயிட் நகர டிராம் அமைப்பை நகரின் உடைமையாக்க முயன்றார். அம்மாநில உச்ச நீதிமன்றம் அதற்கான சட்டத்தைச் செல்லாததாக்கிவிட்டது. ஏறத்தாழ இக்காலத்தில் தம் தொழில் பங்குகளை விற்றுவிட்டு முழுநேர அரசியலுக்கு வந்தார்.

நகரத் தந்தையாக

1901 ஏப்ரலில் நடைபெற்ற தேர்தலில், நகருக்குத் தன்னாட்சி, மூன்று சென்ட் கட்டணம், நியாயமான வரி என்னும் மூன்று முழக்கங்களுடன் போட்டியிட்டு வென்றார். முந்தைய நிர்வாகம் ஏரிக்கரையில் உள்ள மதிப்புமிக்க நிலத்தைத் தொடருந்து நிறுவனங்களுக்கு விட்டுக்கொடுக்க ஏற்பாடு செய்திருந்தது. அதற்கு எதிராக ஜான்சன் தரப்பு பெற்றிருந்த தற்காலிகத் தடையாணை முடிவடையும் தறுவாயில் இருந்தது. வாக்கு எண்ணிக்கை உறுதியான உடனேயே அவர் நகர மண்டபத்துக்கு விரைந்து பதவியேற்று, அவ்வேற்பாடு நிறைவேறாமல் தடுத்தார்.

இவரது கூட்டங்கள் மண்டபங்களில் அன்றி, சர்க்கஸ் கூடாரம் ஒன்றில் நடந்தன. கூடாரத்தை எந்தப் பகுதியிலும் அமைக்கலாம். மண்டப உரிமையாளரின் தயவு தேவையில்லை. எதிராளிகள் எழுந்து கேள்வி கேட்பதை ஜான்சன் விரும்பி வரவேற்றார். மாநிலத் தேர்தல் பயணங்களுக்குச் 'சிவப்புப் பேய்' என்று பெயர் பெற்ற தானுந்தைப் பயன்படுத்தினார். உருவத்தில் பருத்த, எப்போதும் சிரித்த முகத்துடன் காணப்பட்ட இவர் மீது ஹன்னா போன்றோர் சமவுடைமைவாதி, அராஜகவாதி என்று முத்திரை குத்தினர்.

திறமையான இளைஞர்களைக் கட்சி பாராமல் சேர்த்துக்கொண்டது இவரது ஆட்சியின் சிறப்பு ஆகும். சட்டத்துறைக்குப் பொறுப்பேற்ற நியூட்டன் டி. பேக்கர் பின்னர் தாமே கிளீவ்லாந்தின் நகரத் தந்தையாகி, முதலாம் உலகப் போரின்போது ஐக்கிய அமெரிக்காவின் போர்த்துறைச் செயலராகவும் விளங்கினார். குடியரசுக் கட்சியின் சார்பில் நகரமன்றத்துக்கு வந்த பிரெட்ரிக் ஹவ், ஜான்சனின் ஆதரவாளராக மாறினார். பொருளியல் பேராசிரியர் எட்வர்ட் பெமிஸ் குடிநீர்த் துறையில் கட்சி நியமனங்களுக்கு முடிவு கட்டி, வீடுகளுக்கு நீர்மானிகளைப் பொருத்தினார்.

சிறை, அறநிலையத் துறைகளுக்குப் பாதிரியார் ஹாரிஸ் கூலி பொறுப்பேற்றார். அபராதம் கட்ட வழியில்லாமல் சிறையில் கிடந்த ஏழைகள் நூற்றுக்கணக்கானோரை இவர் விடுவிக்கச் செய்தார். அவர்களைச் சிறையில் அடைத்திருந்தது குற்றம் அன்று, வறுமையே என்பது அவரது வாதம். நகருக்கு வெளியே வாரன்ஸ்வில் என்னுமிடத்தில் ஏறத்தாழ 2,000 ஏக்கர் நிலம் வாங்கப்பட்டு, அங்கு முதியோர் இல்லம், காசநோய் மருத்துவமனை, சுவரில்லாத பண்ணைச் சிறை ஆகியன படிப்படியாக அமைக்கப்பட்டன. பூங்காக்களில் இருந்த, புல்தரையில் நடக்கத் தடை விதிக்கும் பலகைகளை அகற்றச் செய்தது சிறிய செயலே எனினும் மக்கள் நெடுங்காலம் நினைவில் வைத்திருந்தது அதனைத்தான். நகர மையத்துக்கான புகழ்பெற்ற திட்டம் ஒன்றை, டேனியல் பர்னம் தலைமையிலான கட்டடக் கலைஞர் குழு 1903 இல் வகுத்தளித்தது.

வரித்துறையில், பீட்டர் விட் என்பவரின் பொறுப்பில் 'வரிப் பள்ளி' ஒன்று நடத்தப்பட்டது. ஒவ்வொரு பகுதியின் பெரிய வரைபடங்களும் தயாரிக்கப்பட்டு, எந்த மனைக்கு எவ்வளவு மதிப்பு போடப்பட்டுள்ளது என்பது பொதுமக்கள் முன் காட்டப்பட்டது. சிறு வீட்டுக்காரர் உண்மை மதிப்புக்கு நெருக்கமாகவும், பெரு நிறுவனங்கள் அதில் சிறு பகுதிக்கும் வரி செலுத்தியது இதனால் வெளிப்பட்டது. நீதிமன்றத் தடையாணையால் இப்பள்ளி மூடப்பட்டது.

1902 இல் ஒகையோ உச்ச நீதிமன்றம், கிளீவ்லாந்து நகர ஆட்சிக்கு அடிப்படையாக இருந்த 1891 ஆம் ஆண்டுச் சட்டத்தையே செல்லாது என்று அறிவித்தது. பத்தாண்டுகளாக எவரும் கேள்வி கேட்காத சட்டம், ஜான்சன் பதவிக்கு வந்தபின் வழக்குக்கு உள்ளானது தற்செயல் அன்று என அவரது ஆதரவாளர்கள் கருதினர். 1903 இல் மாநில ஆளுநர் பதவிக்குப் போட்டியிட்டுத் தோற்றார். ஆனால் நகரில் அவரது செல்வாக்கு குறையவில்லை. இதழாளர் லிங்கன் ஸ்டெபன்ஸ் 1905 இல் மெக்ளூர் இதழில் எழுதிய கட்டுரையில், நாட்டிலேயே சிறப்பாக ஆளப்படும் நகரம் கிளீவ்லாந்து என்றும், ஜான்சனே மிகச் சிறந்த நகரத் தந்தை என்றும் மதிப்பிட்டார்.

மூன்று சென்ட் போராட்டம்

கிளீவ்லாந்தில் டிராம் பயணத்துக்கு ஐந்து சென்ட் வாங்கப்பட்டது. இரண்டு சென்ட் வேறுபாடு அற்பமாகத் தோன்றலாம். நாள்தோறும் இருமுறை பயணம் செய்த தொழிலாளிக்கு அது அற்பம் அன்று. ஜான்சனைப் பொறுத்தவரை, மூன்று சென்ட் என்பது இறுதி நோக்கமும் அன்று. உரிமம் பெற்ற நிறுவனங்கள் நகரின் கையில் இல்லாவிட்டால், நகரம் அவற்றின் கையில் இருக்கும் என்று அவர் நம்பினார். நகரமே டிராம் நிறுவனத்தை உடைமையாக வைத்திருக்க ஒகையோ சட்டம் இடமளிக்கவில்லை. ஆகவே பழைய நிறுவனத்தின் உரிமங்கள் ஒவ்வொன்றாக முடிவுக்கு வரும்போது, குறைந்த கட்டணத்துக்கு இசையும் புதிய நிறுவனத்துக்கு அவற்றை வழங்குவது அவரது உத்தி.

பழைய நிறுவனங்கள் 1903 இல் ஒன்றிணைந்து இதனை எதிர்த்தன. புதிய தடம் அமைக்க, தெருவோர மனை உரிமையாளர்களில் பெரும்பான்மையோரின் எழுத்து மூலமான ஒப்புதல் சட்டப்படி தேவைப்பட்டது. ஒரு தரப்பு ஒப்புதல் கையெழுத்துக்களைச் சேகரிக்க, மறு தரப்பு அவற்றைத் திரும்பப் பெறும்படி உரிமையாளர்களை வசப்படுத்தியது. நீதிமன்றங்களில் ஐம்பதுக்கும் மேற்பட்ட தடையாணைகள் பெறப்பட்டன. ஒரு தடையாணை நீங்கினால் மற்றொன்று வந்தது. இறுதியில் 1906 நவம்பரில் முதல் மூன்று சென்ட் டிராம் ஓடியது. அதனை ஜான்சன் தாமே ஓட்டிச் சென்றார்.

1907 தேர்தலில் குடியரசுக் கட்சி, நாடாளுமன்ற உறுப்பினர் தியோடர் பர்ட்டனை நிறுத்தியது. 1894 இல் ஜான்சனைத் தோற்கடித்தவர் இவரே. குடியரசுத் தலைவர் ரூஸ்வெல்ட்டின் ஆதரவு இருந்தும் பர்ட்டன் தோற்றார். இதன்பின் பழைய நிறுவனம் பேச்சுவார்த்தைக்கு இறங்கி வந்தது. அதன் சார்பில் வழக்கறிஞர் பிரெட்ரிக் காஃப், நகரின் சார்பில் ஜான்சன் ஆகிய இருவரும் சொத்து மதிப்பைப் பொதுமக்கள் முன்னிலையில் விவாதித்து, பங்கு ஒன்றுக்கு 55 டாலர் என முடிவு செய்தனர். நிறுவனத்தின் தடங்கள் அனைத்தும் குத்தகைக்கு எடுக்கப்பட்டன. பங்குதாரருக்கு ஆண்டுக்கு ஆறு விழுக்காடு மட்டும் செலுத்தி, நகரின் நலனுக்காகவே இயங்கும் நகராட்சிப் போக்குவரத்து நிறுவனம் 1908 ஏப்ரல் இறுதியில் பொறுப்பேற்றது. முதல் நாளன்று பயணம் அனைவருக்கும் இலவசமாக்கப்பட்டது.

தோல்வி

ஏழாண்டுப் போராட்டத்தின் வெற்றி ஏழு மாதங்கள்கூட நிலைக்கவில்லை. பழைய நிறுவனம் தன் தொழிற்சங்கத்துக்கு ஊதிய உயர்வு அளிப்பதாக உறுதி கூறியிருந்தது. புதிய நிர்வாகம் அவ்வுறுதிக்குக் கட்டுப்பட மறுத்தது. மே மாதம் வேலைநிறுத்தம் தொடங்கியது. டிராம் வண்டிகள் கல்லெறிக்கும் வெடிவைப்புக்கும் இலக்காயின. வேலைநிறுத்தம் முறியடிக்கப்பட்டது. ஆனால் வேலை இழந்தவர்கள் நகரெங்கும் சென்று, குத்தகை குறித்துப் பொதுவாக்கெடுப்பு நடத்தக் கோரும் மனுவுக்குக் கையெழுத்துத் திரட்டினர். அக்காலத்தில் நிலவிய பொருளாதார மந்தத்தால் வருமானமும் குறைந்தது. செலவைச் சுருக்குவதற்காக நிர்வாகம் சில தடங்களை மாற்றியது, வண்டிகளைக் குறைத்தது. மலிவான பயணத்தை வேண்டிய மக்களே நெரிசலையும் காத்திருப்பையும் கண்டு சினம் கொண்டனர்.

1908 அக்டோபர் 22 அன்று நடந்த வாக்கெடுப்பில், 75,000-க்கும் மேற்பட்ட வாக்குகளில் 605 வாக்கு வேறுபாட்டில் ஜான்சனின் ஏற்பாடு தோல்வியுற்றது. உரிமங்களை மக்களின் வாக்குக்கு விட வேண்டும் என்பது அவரது சொந்தக் கொள்கையாகும். முதலாளிகளாலும் நீதிமன்றங்களாலும் முடியாததை, அவர் பெரிதும் நம்பிய வாக்காளர்களே செய்து முடித்தனர். நிர்வாகம் புதிது, எதிரிகள் வலியவர்கள் என்பன உண்மையே. எனினும் தொழிற்சங்கத்தைப் பகைத்துக்கொண்டது ஜான்சன் தரப்பின் பெரும் பிழை என்பதை மறுக்க இயலாது. தொழிலாளரின் வாக்கே அவரது அடித்தளமாக இருந்தது.

நவம்பரில் நிறுவனம் நீதிமன்றக் காப்பாளரின் பொறுப்பில் வைக்கப்பட்டது. 1909 நவம்பர் தேர்தலில், அதிகம் அறியப்படாத ஹெர்மன் பேர் என்பவரிடம் ஜான்சன் தோற்றார். அதற்குள் அவரது உடல்நலமும் செல்வமும் சரிந்திருந்தன. யூக்ளிட் அவென்யூ மாளிகையை விட்டு வெளியேறிச் சிறிய வீடொன்றில் வாழ்ந்தார்.

கூட்டாட்சி நீதிபதி ராபர்ட் டெய்லர் வகுத்த சமரசத் திட்டத்தை 1910 பிப்ரவரியில் வாக்காளர்கள் ஏற்றனர். டிராம் தனியார் நிறுவனத்திடம் திரும்பியது. ஆனால் பங்குதாரரின் வருவாய் ஆறு விழுக்காட்டுக்குள் வரையறுக்கப்பட்டு, கட்டணம் உண்மைச் செலவுக்கு ஏற்ப அமையும் என விதிக்கப்பட்டது. தொடக்கக் கட்டணம் மூன்று சென்ட். தேர்தலில் தோற்ற பின் ஜான்சன் கேட்டது ஏறக்குறைய கிடைத்தது எனலாம். உடைமை மட்டும் கிடைக்கவில்லை.

இறுதிக்காலமும் பின்னரும்

கடைசி மாதங்களில் 'என் கதை' என்னும் தன்வரலாற்றைச் சொல்லி எழுதுவித்தார். எலிசபெத் ஹவுசர் பதிப்பித்த அந்நூல் 1911 இல் வெளிவந்தது. அவ்வாண்டு ஏப்ரல் 10 அன்று ஜான்சன் கிளீவ்லாந்தில் காலமானார். புரூக்ளினில் உள்ள கிரீன்வுட் கல்லறைத் தோட்டத்தில், ஹென்றி ஜார்ஜின் கல்லறைக்கு அருகில் அடக்கம் செய்யப்பட்டார்.

1912 இல் ஒகையோ அரசியலமைப்புத் திருத்தப்பட்டு நகரங்களுக்குத் தன்னாட்சி உரிமை வழங்கப்பட்டது. நகர டிராம் அமைப்பைக் கிளீவ்லாந்து 1942 இல் விலைக்கு வாங்கியது. ஜான்சன் காலத்தில், இணைக்கப்பட்ட புறநகர் ஒன்றின் சிறிய மின்நிலையத்துடன் தொடங்கிய நகராட்சி மின்வழங்கல், பேக்கர் காலத்தில் 1914 இல் பெரிய நிலையமாக விரிவடைந்தது. 1978 இல் நகரத் தந்தை டென்னிஸ் குசினிச், இம்மின்நிறுவனத்தைத் தனியாருக்கு விற்க மறுத்தபோது வங்கிகள் கடனை நீட்டிக்கவில்லை. நகரம் கடன் தவணை தவறியது. அம்மின்நிறுவனம் இன்றும் நகரின் உடைமையாகவே உள்ளது. கிளீவ்லாந்து பொதுச் சதுக்கத்தில் உள்ள ஜான்சனின் வெண்கலச் சிலையைச் செதுக்கியவர் ஹெர்மன் மாட்சன். அமர்ந்த நிலையில் உள்ள அச்சிலையின் கையில் 'முன்னேற்றமும் வறுமையும்' நூல் உள்ளது.